சிரிப்பு கேட்பவரிடம் இருக்கிறது

‘காதலிக்க நேரமில்லை’ படத்தில் நாகேஷ், பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லும் காட்சியைச் சிறு வயதிலிருந்தே பார்த்துவருகிறேன். மலேசியாவில், பிறை என்ற ஊரில் எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் அந்தக் காட்சி வந்தால், அடுப்பைத் தணித்துவிட்டு அம்மாவும் வந்து நிற்பார். அந்த வயதில் நான் பார்த்ததெல்லாம் நாகேஷைத்தான். சத்தங்களை வாயாலேயே எழுப்பி, உடம்பை ஒடித்து, சுற்றிச் சுற்றி வந்து அவர் கதை சொல்லும் வேகம்தான் என்னை மேடைக்கு இழுத்தது. படம் எடுக்க வந்த பிறகு ஓர் இரவு அதே காட்சியை ஒலியை முழுக்க நிறுத்திவிட்டுப் போட்டுப் பார்த்தேன். கண் தானாகப் பாலையாவிடம் போய் நின்றுவிட்டது.

1964ஆம் ஆண்டுப் படம். ஸ்ரீதர் இயக்கியது, அதன் நகைச்சுவைக்குப் பின்னால் சித்ராலயா கோபுவின் எழுத்து இருக்கிறது. நாகேஷ் அதில் செல்லப்பா. எப்படியாவது படம் எடுத்தே தீருவது என்று ‘ஓஹோ புரொடக்‌ஷன்ஸ்’ தொடங்கியிருக்கும் பிள்ளை. பாலையா, பணத்தைக் கையில் வைத்துக்கொண்டு பிள்ளையைத் திட்டும் எஸ்டேட் முதலாளி. கதை கேட்கத் தொடங்கும்போது அப்பாவுக்கு அதில் ஒரு நம்பிக்கையும் இல்லை. கொஞ்ச நேரத்தில் தன்னையும் அறியாமல் உள்ளே இழுபட்டுவிடுகிறார். கண் அகலுகிறது, உடம்பு ஒடுங்குகிறது. செல்லப்பா சொல்லும் பேயைக் கேட்டு நமக்கு ஒரு பயமும் வருவதில்லை. அந்தப் பெரிய மனிதர் பயப்படுவதைப் பார்த்துத்தான் அறுபது வருடமாகச் சிரித்துக்கொண்டிருக்கிறோம். அவரை அங்கிருந்து எடுத்துவிட்டால் நாகேஷ் தனி அறையில் சத்தம் போடும் ஆளாகிவிடுவார். நாகேஷுக்கும் அது தெரிந்திருக்கிறது. ஒவ்வொரு சத்தத்தையும் பாலையாவின் முகத்தில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் அடுத்ததற்குப் போகிறார்.

என் தொழிலில் நான் பிடித்துக்கொண்டிருப்பது இது ஒன்றைத்தான். சிரிப்பு கேட்பவரிடம் இருக்கிறது. எழுதும்போதும், நடிக்க ஆள் தேடும்போதும், கேமராவை எங்கே வைப்பது என்று நிற்கும்போதும், எடிட்டிங்கில் எதைத் தூக்குவது என்று யோசிக்கும்போதும் என் முதல் கேள்வி, இந்த இடத்தில் யார் கேட்டுக்கொண்டிருக்கிறார் என்பதுதான்.

இதை எனக்குக் கற்றுக்கொடுத்தவை கல்யாண விருந்துகள். பிறை தொழிற்சாலைகளின் ஊர். 1985இல் திறந்த பினாங்குப் பாலம் பெருநிலத்தில் வந்து இறங்குவது இங்கேதான். பாலத்துக்கு அந்தப் பக்கம் ஜார்ஜ்டவுனுக்குச் சுற்றுலாக்காரர்கள் வருவார்கள். இந்தப் பக்கம் எங்களுக்கு வருவது ஷிப்டு பஸ். அப்பா சீனி ஆலையில் வேலை செய்தார். தெருவில் பாதிப் பேர் ஏதாவது ஓர் ஆலைச் சட்டையில்தான் இருப்பார்கள். இப்படிப்பட்ட ஊரில் நகைச்சுவைக் கலைஞனுக்கு மேடை என்றால் மூன்றுதான்: கோயில் திருவிழா, ஆலைகளின் ஆண்டு விருந்து, கல்யாண விருந்து. இதில் கல்யாண விருந்துதான் கடினமானது. பத்துப் பேர் உட்காரும் வட்ட மேசைகள். அதனால் மேடையில் நிற்பவனுக்கு எதிரே பாதி முகம், பாதி முதுகு. கோழி வறுவல் மேசைக்கு வந்துவிட்டால் முகமும் தட்டுக்குப் போய்விடும். பிள்ளைகள் மேடைக்கு முன்னால் பலூன் உடைத்துக்கொண்டிருக்கும். பாட்டுக்கும் ஆட்டத்துக்கும் நடுவில் கொஞ்ச நேரம் நமக்குக் கொடுப்பார்கள்.

அங்கே என் அளவுகோல் நாற்காலி. முதுகு காட்டி உட்கார்ந்தவர் தலையை மட்டும் திருப்பினால், பேச்சு காதில் விழுந்திருக்கிறது என்று அர்த்தம். நாற்காலியையே திருப்பிப் போட்டுக்கொண்டால் கடைசி வரை அவர் நம்மோடு இருப்பார். அப்படித் திரும்பிய மேசையைக் கவனித்து, அங்கே முதலில் சிரித்தவர் யார், அவர் யாரைப் பார்த்துச் சிரித்தார் என்று மனதில் குறித்துக்கொள்வேன். பெரும்பாலும் அவர் என்னைப் பார்த்துச் சிரித்திருக்க மாட்டார். பட்டர்வொர்த்தில் ஒரு கல்யாணத்தில் நிகழ்ச்சி முடிந்து இறங்கியபோது ஓர் அம்மா கையைப் பிடித்துக்கொண்டு சொன்னார்: “தம்பி, நீ சொன்னதுக்கு நான் சிரிக்கலப்பா. நீ சொன்னதக் கேட்டு எங்க வீட்டுக்காரரு முழிச்சாரு பாரு, அதுக்குத்தான் சிரிச்சேன்.” மனைவிக்குத் தெரியாமல் கடன் கொடுக்கும் கணவனைப் பற்றிய பேச்சு அது. அந்த அம்மா சொன்னதைவிட நல்ல பாடம் எந்தப் பயிற்சிப் பட்டறையிலும் எனக்குக் கிடைக்கவில்லை.

அதன் பிறகு நிகழ்ச்சியைக் கைப்பேசியில் பதிவு செய்யும்போது அதை ஒலிபெருக்கி பக்கம் வைப்பதில்லை. தெரிந்தவர் உட்கார்ந்திருக்கும் ஏதாவது ஒரு மேசையில் கொடுத்துவைப்பேன். வீட்டில் போட்டுக் கேட்டால் என் குரல் தூரத்தில் மங்கலாகக் கேட்கும். பக்கத்தில் மனிதர்கள் கேட்பார்கள். யார் யாருக்கு விளக்கம் சொல்கிறார், எந்த வார்த்தையில் சிரிப்பு கிளம்புகிறது, எங்கே ஒருவர் ‘ஸ்ஸ்’ என்று பக்கத்து ஆளை அடக்குகிறார் என்பதெல்லாம் தெளிவாகத் தெரியும். அந்த ‘ஸ்ஸ்’ எனக்குக் கைதட்டலைவிடப் பெரிது.

ஆலை விருந்துகளில் இன்னொன்றும் பார்த்தேன். மலாய்க்காரர், சீனர், தமிழர் எல்லாரும் கலந்து உட்கார்ந்திருப்பார்கள். நான் தமிழில் தொடங்கி மலாயில் முடிப்பேன். நடுவில் தமிழில் விழும் இடத்தில் தமிழர்கள் சிரிப்பார்கள். ஒரு நொடி தள்ளி அதே மேசையில் தமிழே தெரியாத சீன மேற்பார்வையாளர் சிரிப்பார். அவர் காலையிலிருந்து மாலை வரை கூட வேலை செய்யும் ஆளின் முகத்தைப் படித்துச் சிரிக்கிறார். வசனம் புரியாதவரையும் சிரிக்கவைக்க ஒரு வழி உண்டு, அது இன்னொரு மனித முகம் வழியாகப் போகிறது என்பதை நான் கண்ணால் கண்டது அந்த மேசைகளில்தான். சினிமா பற்றி எனக்குத் தெரிந்த முதல் விஷயமும் அதுவே.

இந்த வித்தையில் தேர்ந்த ஒருவர் எங்கள் மாநிலத்துக்காரர். 1929இல் ஜார்ஜ்டவுனில் பிறந்த பி. ரம்லி. 1948இல் புக்கிட் மெர்தாஜாமில் அவர் மேடையில் பாடியதைப் பார்த்துத்தான் இயக்குநர் பி. எஸ். ராஜ்ஹன்ஸ் அவரைச் சிங்கப்பூருக்கு அழைத்தார். புக்கிட் மெர்தாஜாம் பிறைக்குப் பக்கத்து ஊர். அந்தக் காலத்து மலாய்ப் படங்களை இயக்கியவர்களில் பலர் இந்தியாவிலிருந்து வந்தவர்கள். 1950இல் ‘பக்தி’ என்ற படத்தில் ரம்லியை நாயகனாக்கி, சொந்தக் குரலில் பாடவும் விட்டவர் எல். கிருஷ்ணன், தமிழர். இப்படிப்பட்டவர்களின் படங்களில் நடித்துக்கொண்டே ஜாலான் அம்பாஸ் ஸ்டூடியோவில் தொழில் கற்று, 1955இல் ‘பெனாரிக் பெச்சா’ மூலம் ரம்லி இயக்குநரானார்.

அவருடைய ‘பூஜாங் லாப்போக்’ வரிசைப் படங்களை நான் பாடப்புத்தகமாக வைத்திருக்கிறேன். ரம்லி, எஸ். சம்சுதீன், அஜிஸ் சத்தார் என்று கல்யாணமாகாத மூன்று பேர். ஒருவர் பேசும்போது மற்ற இருவரும் சட்டத்துக்குள்ளேயே இருப்பார்கள். 1961இல் வந்த ‘செனிமான் பூஜாங் லாப்போக்’கில் இந்த மூவரும் நடிகராகும் ஆசையில் படப்பிடிப்பு நிலையத்துக்கே போய்விடுவார்கள். அங்கே இயக்குநராக வருபவர் அஹ்மட் நிஸ்ஃபு. இவர்கள் வசனத்தைக் கெடுக்கக் கெடுக்க, அதைக் கேட்டுக்கொண்டிருக்கும் இயக்குநரின் பொறுமை கொஞ்சம் கொஞ்சமாகப் போவதுதான் காட்சியே. ரம்லி பாட்டும் எழுதி, இசையும் அமைத்து, இயக்கவும் செய்தவர். எல்லாச் சிரிப்பையும் தன் பக்கம் இழுத்துக்கொள்ள அவருக்கு முடிந்திருக்கும். கேட்பவருக்குக் கொடுத்தார். 1973இல் 44 வயதில் இறந்துபோனார். அவருடைய படங்களுக்கு மலேசியாவில் இன்றும் மூன்று தலைமுறை ஒரே சோபாவில் உட்கார்ந்து சிரிக்கிறது.

நான் எடுத்த முதல் குறும்படத்திலிருந்து ஒரு காட்சியைச் சொல்கிறேன். எப்படி வேலை செய்கிறேன் என்பதை அதை வைத்துச் சொன்னால்தான் விளங்கும்.

மகனுக்கு ஆலையில் வேலை போய்விட்டது. அந்தச் செய்தியை அவன் அப்பாவிடம் சொல்ல வேண்டும். மேடையில் இதை நான் தனியாகவே செய்துகொண்டிருந்தேன்: மகன் குரல், அப்பா குரல், நடுவில் அம்மாவின் ‘ஐயோ’. அந்த ‘ஐயோ’வுக்குத்தான் எப்போதும் பெரிய சிரிப்பு. படத்துக்கு எழுத உட்கார்ந்தபோது, இரண்டு ஆண்கள் மாறி மாறிப் பேசுவதாகவே வந்துகொண்டிருந்தது. கேட்பது யார்? அம்மா. சரி, அம்மா கையில் என்ன வேலை இருக்கிறது? இந்தக் கேள்விக்குப் பதில் கிடைக்கும்வரை ஒரு வசனமும் எழுதவில்லை.

பதில் ஒரு காற்றாடியாக வந்தது. அப்பா பிளாஸ்டிக் நாற்காலி மேல் நின்றுகொண்டு கூரைக் காற்றாடியை மாட்டுகிறார். அம்மா நாற்காலியைப் பிடித்துக்கொண்டிருக்கிறார். மகன் கையில் திருகாணிகள். மகன் வாயைத் திறக்கிறான்: “பா, ஃபேக்டரில இன்னிக்கு…” மேலிருந்து குரல் வருகிறது: “சின்ன ஸ்க்ரூவக் குடு.” அப்பாவுக்கு எதுவும் விழவில்லை. அம்மாவுக்கு அந்த அரை வாக்கியமே போதும். நாற்காலியைப் பிடித்த கை இறுகுகிறது. மகன் மறுபடி தொடங்குகிறான், நாற்காலி ஆடுகிறது. “ஒழுங்கா புடிடீ!” என்கிறார் அப்பா. மகன் விஷயத்துக்கு நெருங்க நெருங்க நாற்காலி ஆட்டம் கூடுகிறது. மேலே நிற்பவருக்கு மட்டும் கீழே என்ன நடக்கிறது என்று தெரியவில்லை. அல்லது அப்படி நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். காற்றாடி சுற்றத் தொடங்கியதும் இறங்கிவந்து, ஸ்க்ரூ டிரைவரை மகன் கையில் வைத்துச் சொல்கிறார்: “நாளைக்கு வீட்லதானே இருப்ப? ரூம் காத்தாடிய நீ மாட்டு.” அவரும் கேட்டுக்கொண்டுதான் இருந்திருக்கிறார்.

காட்சியில் நகைச்சுவை வசனம் என்று ஒன்றுமே இல்லை. எழுதிய தாளைப் படித்த தயாரிப்பாளர் ஒருவர், “இதுல காமெடி எங்க?” என்று கேட்டார். நியாயமான கேள்வி. தாளில் அது இருக்காது. அந்த அம்மாவின் மணிக்கட்டில் இருக்கும்.

அதனால் நடிகர்களைத் தேர்ந்தெடுக்கும்போது நான் யாரையும் வசனம் பேசச் சொல்வதில்லை. வசனத்தை நானே படிப்பேன். வந்தவர் கேட்க வேண்டும். பேசுவதற்கு எத்தனையோ பேர் கிடைப்பார்கள். கேட்கத் தெரிந்தவர் அபூர்வம். பலர் கேட்பதுபோல் நடிப்பார்கள்: தலையாட்டுவார்கள், புருவத்தை உயர்த்துவார்கள், தன் முறை எப்போது வரும் என்று என் வாயையே பார்த்துக்கொண்டிருப்பார்கள். தோட்டத்து நாடகங்களில் நடித்துப் பழகிய ஓர் அக்கா வந்தார். நான் படித்து முடிக்கும்வரை கையிலிருந்த பையின் வாரைத் திருகிக்கொண்டே இருந்தார். வேலை போன இடம் வந்ததும் அந்தத் திருகல் நின்றுவிட்டது. அவரைத்தான் அம்மாவாகப் போட்டேன்.

கேட்பவரை நடுவில் வைத்து ஒரு படத்தையே கட்டலாம் என்பதைச் சார்லி சாப்ளின் ‘சிட்டி லைட்ஸ்’ (1931) படத்தில் காட்டியிருக்கிறார். பார்வையில்லாத பூக்காரப் பெண், ஒரு நாடோடியைப் பெரிய பணக்காரன் என்று நினைக்க வேண்டும். எப்படி? சாப்ளின் இந்த ஓர் இடத்துக்காகப் படப்பிடிப்பை நிறுத்தியும் தொடங்கியும், பல நூறு டேக் எடுத்தும் அலைந்தார். கடைசியில் கிடைத்தது ஒரு கார்க் கதவு. நெரிசலில் நின்றிருக்கும் காருக்குள் புகுந்து மறுபக்கம் இறங்கும் நாடோடி, கதவைச் சாத்துகிறான். அந்தச் சத்தம் அவள் காதில் விழுகிறது. பேசாத படத்தில், நமக்குக் கேட்காத சத்தத்தில், ஒரு பெண் கேட்டதை வைத்து முழுக் கதையும் நகர்கிறது. வேலை செய்து களைத்துப்போகும் நாட்களில் இதை நினைத்துக்கொள்வேன். அவ்வளவு பெரிய கலைஞர் அவ்வளவு பாடுபட்டுத் தேடியது ஒரு நல்ல கேட்பைத்தான்.

காற்றாடிக் காட்சியைப் பிறையிலேயே ஓர் அடுக்குமாடி வீட்டில் எடுத்தோம். பட்டர்வொர்த்தில் விமானப்படைத் தளம் இருக்கிறது. போர் விமானம் கிளம்பினால் வானம் கிழியும். ஒலிப்பதிவுத் தம்பி காதுக்கருவியைப் பிடித்துக்கொண்டு, “அண்ணே, ஜெட்டு வருது, நில்லுங்க,” என்பார். எல்லாரும் அப்படியே நிற்போம். அப்பா வேடக்காரர் நாற்காலி மேல், அக்கா நாற்காலியைப் பிடித்தபடி. குரலைப் பிறகு ஸ்டூடியோவில் சேர்த்துக்கொள்ளலாமே என்று சொன்னவர்கள் உண்டு. நான் ஒப்புக்கொள்வதில்லை. டப்பிங்கில் பேசுகிறவரின் குரல் கிடைத்துவிடும். கேட்கிறவர் விடும் மூச்சு கிடைக்காது. அக்கா உள்ளுக்குள் இழுத்த ஒரு மூச்சு அந்தக் காட்சியில் இருக்கிறது. அதற்காக எத்தனை விமானம் வேண்டுமானாலும் போகட்டும் என்று காத்திருக்கலாம்.

கூடம் சிறியது. கேமராவை வாசலுக்கு வெளியே நடைபாதையில் வைத்தால்தான் மூவரும், காற்றாடியும் ஒரே சட்டத்துக்குள் வந்தார்கள். அப்படியே ஒரே ஷாட்டாக எடுத்தோம். பிறகு பாதுகாப்புக்கு மகன் முகம், அப்பா முகம் என்று நெருக்கத்திலும் எடுத்து வைத்தோம். எடிட்டிங்கில் இரண்டு விதமாகவும் வெட்டிப் பார்த்தோம். மகன் பேசும்போது மகன் முகம், அப்பா பேசும்போது அப்பா முகம் என்று வெட்டியதும் காட்சி வேகமாகத்தான் இருந்தது, சிரிப்பு வரவில்லை. வெட்டு விழும் ஒவ்வொரு இடத்திலும் அம்மா காணாமல் போனார். ஒரே ஷாட்டில் பார்த்தபோது, பார்ப்பவரின் கண் தானே அம்மாவைத் தேடிப் போனது. தானாகத் தேடிப் போய்க் கண்டுபிடித்ததற்குத்தான் மனிதர்கள் வாய்விட்டுச் சிரிக்கிறார்கள். நாம் விரல் நீட்டிக் காட்டினால் மரியாதைக்குப் புன்னகைப்பார்கள்.

நெருக்க ஷாட் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. கேட்பவர் தனியாகிவிடும் இடத்தில் அது வேண்டும். அப்பா இறங்கிவந்து பேசிய பிறகு அக்காவின் முகம் ஒன்று நெருக்கத்தில் வருகிறது. ஒரு விநாடிக்கு 24 பிரேம். அந்த முகத்தில் பத்து பிரேம் கூட்டினால் அழுகை வந்துவிடும். பத்து பிரேம் குறைத்தால் சிரிப்போடு போய்விடும். நாங்கள் அந்த இடத்தில் ஒரு மாலைப்பொழுது முழுக்க உட்கார்ந்திருந்தோம். கூட்டி வைத்தோம். அந்தக் குடும்பத்துக்கு அவ்வளவாவது நாங்கள் செய்ய வேண்டும் என்று தோன்றியது.

வேகத்தைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மேடையில் சிரிப்பு அடங்கும்வரை நிற்கலாம். அது எவ்வளவு நேரம் என்று கூட்டமே சொல்லிவிடும். படத்துக்கு அந்த வசதி கிடையாது. சிரிப்பு பெரிதாக வந்தால் அடுத்த வசனம் அதற்குள் மூழ்கிவிடும். இடம் விட்டு வைத்து, சிரிப்பு வராமல் போனால் திரையில் பள்ளம் விழும். பழைய ஆட்கள் இதற்கு ஒரு வழி வைத்திருந்தார்கள். மார்க்ஸ் சகோதரர்கள் ‘எ நைட் அட் தி ஓபெரா’ (1935) படத்தின் நகைச்சுவைக் காட்சிகளை முதலில் ஊர் ஊராக மேடையில் போட்டு, சிரிப்பு எங்கே எவ்வளவு வருகிறது என்று பார்த்த பிறகுதான் படமாக்கினார்கள். நம்மிடம் இது இயல்பாகவே நடந்தது. ‘சர்வர் சுந்தரம்’ கே. பாலசந்தரின் நாடகமாக ஓடிய பிறகு படமானது. சோவின் ‘முகமது பின் துக்ளக்’ மேடையில் ஊரறிந்த பிறகே 1971இல் அவர் இயக்கத்தில் திரைக்கு வந்தது. அந்த நடிகர்கள் கேமரா முன் வருவதற்கு முன்பே ஆயிரக்கணக்கான முகங்களைப் பார்த்துவிட்டார்கள்.

நாடகக் குழுக்கள் குறைந்துபோன காலத்தில் நான் செய்வது இது. முதல் வெட்டு முடிந்ததும் கோயில் மண்டபத்திலோ தமான் எனும் குடியிருப்பின் பொது மண்டபத்திலோ ஒரு வெள்ளைத் துணி கட்டிப் போட்டுக்காட்டுவேன். சினிமாக்காரர்களை அழைப்பதில்லை. பக்கத்து வீட்டுக்காரர்கள், அப்பாவோடு வேலை செய்த மாமாக்கள், ஷிப்டு முடிந்து வரும் அக்காக்கள், பள்ளிப் பிள்ளைகள். நான் திரைக்குப் பக்கத்தில், திரைக்கு முதுகு காட்டி, அவர்களைப் பார்த்து உட்கார்ந்துகொள்வேன். கையில் தாளும் பென்சிலும் இருக்கும். முன்னால் சாய்வது, பக்கத்து ஆளைப் பார்ப்பது, கைப்பேசியைத் தொடுவது எல்லாம் தாளில் நேரத்தோடு ஏறும். படம் முடிந்து எப்படி இருந்தது என்று கேட்டால் நம் ஜனங்கள் “நல்லா இருக்கு தம்பி” என்றுதான் சொல்வார்கள். மனசு நோகக்கூடாது என்ற அன்பு அது. முகம் பொய் சொல்லாது. பெரிய சிரிப்பு விழும் இடங்களுக்கு அடியில், கேட்காமல் போனாலும் கதை கெடாத ஒரு வசனத்தை இந்தத் தாளைப் பார்த்துத்தான் வைக்கிறேன். “தண்ணி குடிக்கிறியா?”, “கதவ சாத்து” போன்ற வசனங்கள். மண்டபம் நிறையச் சிரித்தால் அது மூழ்கும். நாலு பேர் மட்டும் இருந்தால் அது காட்சியைத் தாங்கும்.

இன்று தமிழ்ப் படங்களில் எனக்குப் பொறுக்காத ஒன்று, கேட்பவருக்குப் பதிலாக ஒரு சத்தத்தைப் போடுவது. வசனம் முடிந்ததும் ‘டொய்ங்’ என்று ஓர் ஒலி வரும். எல்லாரும் சிரிக்க வேண்டிய இடம் என்று அறிவிப்பு. எந்த முகம் வர வேண்டுமோ அந்த முகத்தின் சம்பளத்தை மிச்சப்படுத்திவிட்டார்கள் என்று நினைத்துக்கொள்வேன். கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் தன் குழுவை வைத்து நகைச்சுவைப் பகுதிகளைத் தானே அமைத்துக்கொண்ட காலத்தில், டி. ஏ. மதுரம் பக்கத்தில் இருந்தார். கலைவாணர் ஒன்று சொன்னால் அதை நம்புவதா வேண்டாமா என்று மதுரம் யோசிக்கும் அந்த நேரம் இருக்கிறதே, அதற்கு எந்த ஒலியும் ஈடாகாது. கலைவாணர் பிறகு 1951இல் ‘மணமகள்’, 1952இல் ‘பணம்’ என்று இயக்கவும் செய்தார். சந்திரபாபு 1966இல் ‘தட்டுங்கள் திறக்கப்படும்’ படத்தை இயக்கினார். நாகேஷும் 1985இல் தன் மகன் ஆனந்த்பாபுவை வைத்து ‘பார்த்த ஞாபகம் இல்லையோ’ எடுத்தார். செல்லப்பாவின் ஆசை பொய்யில்லை. நகைச்சுவை நடிகனுக்கு இயக்கும் ஆசை ஏன் வருகிறது என்று என்னைக் கேட்டால், தன் எதிரே நிற்பவரைப் படத்தில் காப்பாற்றிக்கொள்ளத்தான் என்பேன். வேறொருவர் வெட்டும் படத்தில் முதலில் போவது அந்த முகம்தான்.

மலேசியாவில் அண்மைக் காலத்தில் இதை அழகாகச் செய்தவர் அஃப்ட்லின் சௌகி. மேடை நகைச்சுவையிலிருந்து வந்து 2004இல் ‘பூலி’ மூலம் இயக்குநரானவர். மகளைப் பிரிய மனமில்லாமல் அவள் படிக்கும் பல்கலைக்கழகத்துக்கே போய்விடும் அப்பாவின் கதையை ‘பாப்பாடோம்’ என்று 2009இல் எடுத்தார். மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த படம் என்று விருது வாங்கியது. 2011இல் அதைத் தமிழில் ‘அப்பளம்’ என்று அவரே இயக்கினார். ஒரு மலாய்க் கலைஞர் தமிழ்ப் படம் இயக்கியது அப்போது பேச்சாக இருந்தது. எனக்கு அதில் வியப்பு இல்லை. ஆலை விருந்தில் அந்தச் சீன மேற்பார்வையாளர் சிரித்ததைப் பார்த்தவனுக்கு வியப்பு வராது.

எங்கள் படங்களுக்கும் இப்போது ஒரு வரலாறு சேர்ந்துவருகிறது. சஞ்சய் குமார் பெருமாளின் ‘ஜகாட்’ 2015 டிசம்பரில் வந்து, மறு ஆண்டு மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியப் படமாகத் தேர்வானது. தோட்டத்தை விட்டு வந்த குடும்பங்களைப் பற்றிய, மனதை அழுத்தும் படம் அது. அதிலும் சிரிக்கும் இடங்கள் உண்டு. அதில் வரும் பையன் பெரியவர்கள் பேச்சைக் கேட்டுக்கொண்டு நிற்கும் இடங்களைக் கவனித்துப் பாருங்கள். விமலா பெருமாளின் ‘வெடிகுண்டு பசங்க’ 2018இல் நம் ஜனங்களைக் கூட்டம் கூட்டமாகத் திரையரங்குக்கு இழுத்தது. சிரிக்கவைக்கும் மலேசியத் தமிழ்ப் படத்துக்கு ஆள் வராது என்ற பேச்சு அதோடு அடங்கியது.

என்னிடம் வரும் தம்பி தங்கைகள் பெரும்பாலும் கைப்பேசியில் சிறு காணொளி செய்து பேர் வாங்கியவர்கள். நன்றாகவே செய்கிறார்கள். அவர்களிடம் நான் கேட்டுக்கொள்வது ஒன்றுதான்: ஒரு முறையாவது கல்யாண விருந்தில், முதுகு காட்டி உட்கார்ந்திருக்கும் மேசைக்கு முன்னால் நின்று பேசிவிட்டு வாருங்கள். காணொளியில் எத்தனை பேர் பார்த்தார்கள் என்ற எண் கிடைக்கும். அவர்கள் முகம் கிடைக்காது. முகம் தெரியாமல் அடுத்த காட்சியை எப்படி எழுதுவீர்கள்?

வாசிப்பவர்களிடமும் ஒரு விண்ணப்பம் இருக்கிறது. மலேசியத் தமிழ்ப் படம் ஒன்று திரைக்கு வந்தால் முதல் வாரத்திலேயே போய்ப் பாருங்கள். இணையத்தில் வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். கூட்டம் இல்லாத படத்தைத் திரையரங்குகள் நாலைந்து நாளில் எடுத்துவிடுகின்றன. தனியாகப் போகாமல் அம்மா அப்பாவையும் அழைத்துக்கொண்டு போங்கள். சிரிப்பு வந்தால் அடக்காமல் சிரியுங்கள். வராவிட்டால் அப்படியே உட்கார்ந்திருங்கள், அதுவும் எங்களுக்கு வேண்டும். முதல் வாரத்தில் எப்படியும் அந்த இயக்குநர் அரங்கில் எங்காவது ஓர் ஓரத்தில், திரையை விட்டுவிட்டு உங்களைப் பார்த்துக்கொண்டுதான் இருப்பார்.